தெறித்த துளி யாருடையது?

தூரிகையைத் தாளின்மேல் வைத்து இழுத்தால் கோடு பிறக்கிறது. அதே தூரிகையைத் தாளைத் தொடாமல் உதறினால் துளிகள் பிறக்கின்றன. கோட்டை வரைந்தவன் இன்னான் என்று சொல்வதில் நமக்குத் தயக்கமில்லை. துளிகளை இட்டவன் யார்? உதறிய கையா, பறந்த சாயமா, அதனைத் தன்பால் இழுத்த நிலமா? விளையாட்டாகத் தோன்றும் இவ்வினா, சற்று நின்று எண்ணுவார்க்கு ஓர் அறவினாவாக மாறிவிடுகிறது. நம் கையை விட்டு நீங்கிய பின் நேர்வனவற்றுக்கு நாம் எந்த அளவுக்குப் பொறுப்பாளர் என்பதே அவ்வினா. அதனை எனக்குக் கற்பித்தவன் ஒரு சிறுவன். கற்பித்த இடம் ஒரு தோட்டப்புறத் தமிழ்ப்பள்ளியின் ஐந்தாம் ஆண்டு வகுப்பறை.

ஒரே வீச்சு, இரு தீர்ப்பு

ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியை விட்டு வெளிவந்து இரண்டாண்டுகள்கூட நிறையாத காலம் அது, 1990களின் தொடக்கம். கலைக்கல்விப் பாடவேளை. மலாயில் 'ரெஞ்சிசான்' என்றும் 'பெர்ச்சிக்கான்' என்றும் குறிக்கப்பெறும் தூவல், தெளிப்பு ஆகிய உத்திகளுள் முன்னதைக் கற்பித்துக்கொண்டிருந்தேன். தாளின்மேல் ஓர் இலையை வைக்க வேண்டும். பழைய பல்தூரிகையைச் சாயத்தில் தோய்த்துக் கம்பிவலையின்மேல் தேய்க்க வேண்டும். நுண்துளிகள் தூவும். பின்னர் இலையை எடுத்தால் அதன் வடிவம் வெண்மையாய் நிற்கும். துப்புரவான பாடம்; மதிப்பெண் இடுவதற்கும் எளிது.

பின்வரிசையில் இருந்த மாணவன் ஒருவன் இலையை அப்பால் தள்ளினான். பல்தூரிகையையும் கீழே வைத்தான். பெரிய தூரிகை ஒன்றைச் சிவப்புச் சாயத்தில் முழுக்கி, எழுந்து நின்று, தோளிலிருந்து கையை வீசினான். ஒருமுறையன்று, நான்கைந்து முறை. நான் ஓடிச்சென்று அவன் கையைப் பற்றுவதற்குள் தாள் முழுதும் சிவப்பு; பக்கத்தில் அமர்ந்திருந்த மாணவியின் வெள்ளைச் சட்டையிலும் சிவப்பு. அவள் அழுதாள். வகுப்பு சிரித்தது.

"ஏன் அவள் சட்டையில் சாயம் அடித்தாய்?" என்று கேட்டேன்.

"நான் அடிக்கல சார், அதுவா தெறிச்சிருச்சு" என்றான்.

"கையை வீசியவன் நீதானே? வீசினால் தெறிக்கும் என்று தெரியாதா? நீதான் பொறுப்பு" என்று சொல்லி அவனை வெளியில் நிறுத்தினேன்.

பாடவேளை முடிந்ததும் அவன் உள்ளே வந்து தன் தாளை எடுத்து நீட்டினான். "இது என்ன?" என்றேன். "நான் போட்ட படம் சார்" என்றான். "இதை நீயா வரைந்தாய்? அதுவாகத் தெறித்த குப்பை இது! இதற்கு எப்படி மதிப்பெண் கொடுப்பது?" என்று கூறி, அத்தாளை அவன் கண்முன்னே கசக்கிக் கூடையில் எறிந்தேன்.

அன்றிரவு மதிப்பெண் பட்டியலை நிரப்பிக்கொண்டிருந்தபோதுதான் என் தீர்ப்பிலிருந்த முரண் எனக்கு உறைத்தது. கை ஒன்றே, வீச்சு ஒன்றே, கணமும் ஒன்றே. அவ்வீச்சில் பறந்த துளிகளுள் சில தாளில் வீழ்ந்தன. சில சட்டையில் வீழ்ந்தன. சட்டையில் வீழ்ந்தவற்றை 'உன் செயல்' என்றேன், தண்டித்தேன். தாளில் வீழ்ந்தவற்றை 'உன் செயல் அன்று' என்றேன், மதிப்பெண் மறுத்தேன். பழி என்றால் அவனுடையது. புகழ் என்றால் தற்செயலினுடையது. இதுவா நீதி? அவனும் முரண்பட்டான் என்பது மெய்தான். பழியைத் தற்செயலின் தலையில் சுமத்திவிட்டுப் படத்தை மட்டும் தனதாக்கிக்கொள்ளப் பார்த்தான். ஆனால், அவனுக்கு வயது பதினொன்று. நானோ கற்பிக்கும் பொறுப்பில் இருந்தவன்.

இம்முரண் வகுப்பறைக்கு மட்டும் உரியதன்று. நன்மை விளைந்தால் 'என் உழைப்பு' என்றும், தீமை விளைந்தால் 'என் கெட்ட நேரம்' என்றும் சொல்லிப் பழகியவர்கள் நாம். பிறரை அளக்கும்போதோ அளவுகோலைத் தலைகீழாகப் பிடிக்கிறோம். அவர்கள் வென்றால் நல்ல நேரம். வீழ்ந்தால் அவர்கள் குற்றம். ஆகவே, தெறித்த துளியைப் பற்றிய வினா, மாந்தர் செயல் அனைத்தையும் பற்றிய வினாவாகும்.

எறிந்த கல்

இவ்வினாவுக்கு எளிய விடைகள் இரண்டு உண்டு. நாம் கருதியது மட்டுமே நம்முடையது என்பது ஒன்று. நம் செயலிலிருந்து விளைந்தது எதுவாயினும் அது நம்முடையதே என்பது மற்றொன்று. முதல் விடையை ஏற்றால் சட்டையைக் கறைப்படுத்திய சிறுவன் குற்றமற்றவனாகிவிடுவான். கவனமின்மை என்னும் சொல்லுக்கே பொருளில்லாமற் போகும். இரண்டாம் விடையை ஏற்றால் எவரும் எதையும் செய்ய அஞ்சுவர். உலகில் எந்தச் செயல்தான் கருதிய எல்லைக்குள் நின்றது?

கிரேக்க அறிஞர் அரிஸ்டாட்டில் தம் நிக்கோமாக்கிய ஒழுக்கவியலின் மூன்றாம் பகுதியில் கல்லெறிபவனை எடுத்துக்காட்டாகக் கூறுகிறார். எறிந்த கல்லைத் திரும்பப் பெற இயலாது. ஆயினும், எறிவதும் எறியாதிருப்பதும் எறிந்தவனின் ஆற்றலுக்குள் இருந்தன. ஆகவே, அவன் பொறுப்பினின்றும் நீங்கான் என்பது அவர் கருத்து. தீய பழக்கங்களால் தன்னைக் கெடுத்துக்கொண்டவன், 'இனி என்னால் மாற முடியாது' என்று சொல்லித் தப்பிக்க இயலாது என்பதை விளக்கவே அவர் இதனைக் கூறினார். எனினும், தெறித்த சாயத்துக்கும் இது நன்கு பொருந்தும். துளியின் பாதை சிறுவனின் கட்டுக்குள் இல்லை. ஆனால், வீச்சு அவன் கட்டுக்குள் இருந்தது.

இது பழிக்குப் பொருந்துகிறது. புகழுக்குப் பொருந்துமா? கண்ணை மூடிக்கொண்டு ஒருவன் எறிந்த கல் மாங்காயை வீழ்த்தினால், அவனைக் குறிதவறாதவன் என்று நாம் போற்றுவதில்லை. எறிந்தவன் என்பதால் மட்டும் ஒருவன் விளைவைத் தன் படைப்பென உரிமை கொண்டாட முடியாது. வேறொன்றும் வேண்டும். அது யாது?

பழஞ்செய்திகள் இரண்டு இங்கே துணைசெய்யும். கிரேக்க ஓவியர் புரோட்டோசெனிசைப் பற்றி உரோமானியர் பிளினி எழுதியிருக்கிறார். இளைத்து நிற்கும் நாயொன்றின் வாய்நுரையை எத்தனை முறை வரைந்தும் அவ்வோவியர்க்கு நிறைவு ஏற்படவில்லை. வரைவதும் துடைப்பதுமாக இருந்தவர், இறுதியில் சினந்து, துடைக்கும் கடற்பஞ்சைப் படத்தின்மேல் எறிந்தார். பஞ்சிலிருந்த வண்ணம் பதிந்து, தேடிய நுரை அங்கே தோன்றியது. சீனத்தில் தாங் பேரரசுக் காலத்தில் வாழ்ந்த வாங் மோ என்பவரைப் பற்றியும் இத்தகைய செய்தி உண்டு. அவர் மதுமயக்கில் ஆடிப்பாடி மையைப் பட்டுத்துணியின்மேல் கொட்டுவாராம். கையாலும் காலாலும் பரப்புவாராம். பின்னர், மை வீழ்ந்த வடிவங்களைப் பார்த்து, அவ்வடிவங்களுக்கு ஏற்ப மலையும் முகிலும் நீரும் அமைப்பாராம்.

இவ்விரு செய்திகளையும் கேட்போர் எறிதலையும் கொட்டுதலையுமே நினைவில் கொள்வர். நான் கருதுவது அடுத்த கணத்தை. பஞ்சு பட்ட இடத்தைப் பார்த்து, 'இதுதான் நுரை; இனித் துடைக்க மாட்டேன்' என்று முடிவு செய்தவர் புரோட்டோசெனிசு. மை வீழ்ந்த இடத்தைப் பார்த்து, 'இது மலை' என்று கண்டவர் வாங் மோ. வீழ்ந்ததைத் தற்செயல் தந்தது. 'இது நிற்கட்டும்' என்ற சொல்லைத் தற்செயல் தரவில்லை.

கொட்டகைத் தரை

தெளிப்பு ஓவியம் என்றதும் உலகம் நினைவுகூரும் பெயர் ஜாக்சன் பொல்லாக். 1912இல் அமெரிக்காவின் வயோமிங் மாநிலத்தில் பிறந்தவர். 1945இல் அவரும் ஓவியரான அவர் மனைவி லீ கிராஸ்னரும் நியூயார்க் நகரை விட்டு, லாங் தீவிலுள்ள ஸ்பிரிங்ஸ் என்னும் சிற்றூரில் குடியேறினர். அவ்வீட்டைச் சேர்ந்த கொட்டகையில்தான் 1947 முதல் 1950 வரையிலான அவருடைய புகழ்பெற்ற ஓவியங்கள் உருவாயின. அவர் ஓவியத்துணியைச் சுவரில் மாட்டாமல் தரையில் விரித்தார். கலைக்கடை வண்ணத்தோடு வீட்டுச் சுவருக்கும் கதவுக்கும் அடிக்கும் எனாமல் சாயத்தையும் பயன்படுத்தினார். குச்சியாலும் காய்ந்து இறுகிய தூரிகையாலும் சாயத்தை அள்ளி, துணியைத் தொடாமல் மேலிருந்து ஒழுகவிட்டார், வீசினார். துணியின் நான்கு பக்கமும் நடந்தார். 1950இல் அவர் முடித்த 'இலையுதிர்காலத் தாளம்' என்னும் ஓவியம் ஐந்து மீட்டருக்கும் மேற்பட்ட அகலம் உடையது. அதனை நாற்காலியில் அமர்ந்து விரலசைவால் செய்திருக்க முடியாது.

அவரைக் குடிவெறியில் சாயத்தை இறைத்த பித்தர் என்று நினைப்பவர் பலர். அவர் குடிப்பழக்கத்தால் வாழ்நாள் முழுதும் துன்புற்றவர் என்பது உண்மையே. ஆனால், அவர் மதுவை விட்டிருந்த காலம் ஒன்று உண்டு. அது 1948இன் பிற்பகுதி முதல் 1950இன் இறுதி வரையிலான காலம். அவருடைய மிகப் பெரிய தெளிப்பு ஓவியங்கள் பிறந்தவை அத்தெளிந்த ஈராண்டுகளில்தான். தம் ஓவியத்தில் குழப்பம் இருப்பதாக எழுதிய இதழொன்றுக்கு 1950இல் தந்தியடித்து மறுத்தார். தம் ஓவியத்தில் தற்செயலுக்கு இடமில்லை என்றும் பிறிதோரிடத்தில் கூறினார்.

அவர் கூற்றுக்குப் பின்னாளைய அறிவியலும் ஓரளவு சான்று பகர்கிறது. தேனை உயரத்திலிருந்து மெல்ல ஊற்றினால் அது நேராக வீழாமல் சுருண்டு சுருண்டு வீழ்வதை நாம் கண்டிருக்கிறோம். கெட்டியான சாயத்தின் இயல்பும் அதுவே. பொல்லாக்கின் கையசைவைப் பழைய படச்சுருள்களைக்கொண்டு அளந்த நீர்ம இயக்க ஆய்வாளர்கள், அவர் கையின் விரைவும் உயரமும் அச்சுருளைத் தவிர்க்கும் அளவில் அமைந்திருந்தன என்று 2019இல் வெளியிட்டனர். சூத்திரம் அறியாமலே, பழக்கத்தால் அவர் கை அதனை அறிந்திருந்தது.

ஆயினும், என் வினாவுக்கு விடை தருவது அவர் கையன்று. அவர் நின்ற தரை. அவ்வீடும் கொட்டகையும் 1988 முதல் மக்கள் பார்வைக்குத் திறக்கப்பட்டுள்ளன. பார்க்கச் செல்வோர் தம் காலணியைக் கழற்றி, மெத்தென்ற செருப்பு அணிந்து அத்தரையில் நடக்கிறார்கள். ஓவியத்துணியின் விளிம்பைத் தாண்டித் தெறித்த சாயமெல்லாம் அங்கே இன்றும் இருக்கின்றது. அதே கை, அதே சாயம், அதே வீச்சு. துணிக்குள் வீழ்ந்தவை உலகின் பெரிய கலைக்கூடங்களில் தொங்குகின்றன. வெளியே வீழ்ந்தவை தரையாகவே இருக்கின்றன. 1953இல் கொட்டகையைச் செப்பனிட்டபோது பொல்லாக்கு அத்தரையைப் பலகைத் தகடுகளால் மூடிவிட்டார். அவர் இறந்து பல்லாண்டுகளுக்குப் பின்னரே அது வெளிப்பட்டது.

தரை ஏன் ஓவியம் ஆகவில்லை? அழகில் குறைந்ததா? இல்லை என்பர் கண்டவர். அத்தரையை நோக்கி அவர் 'இது போதும், இது நிற்கட்டும்' என்று சொன்னதில்லை. துணியையோ அவர் சுவரில் நிறுத்திப் பார்த்தார், நாட்கணக்கில் பார்த்தார், மேலும் வண்ணமிட்டார், எங்கே அது முடிகிறது என்று முடிவு செய்தார், இறுதியில் தம் பெயரை எழுதினார். கையொப்பம் என்பது என்ன? 'இதிலுள்ள ஒவ்வொரு துளியையும் நான் குறிபார்த்து இட்டேன்' என்பதன்று அதன் பொருள். 'இதிலுள்ள ஒவ்வொரு துளிக்கும் நான் விடை சொல்வேன்' என்பதே அதன் பொருள்.

உடல் எழுதும் எழுத்து

இனி, இக்கலையைப் பள்ளியில் பயிற்றுதல் தகுமா என்னும் வினாவுக்கு வருவோம். நம் மாணவர்கள் நாள்தோறும் பல மணி நேரம் நாற்காலியில் அமர்ந்து பென்சிலால் எழுதுகிறார்கள். எழுதுங்கால் அவர்களின் விரலும் மணிக்கட்டுமே உழைக்கின்றன. முழங்கையும் தோளும் இடுப்பும் காலும் வகுப்பறையில் விடுமுறையில் இருக்கின்றன. தெளிப்பு ஓவியத்திலோ மாணவன் நிற்கிறான், காலை அகற்றி வைக்கிறான், மூச்சை இழுக்கிறான், தோள் சுழல்கிறது, கை வீசுகிறது. உடல் முழுதும் ஒரு தூரிகையாகிறது. அமெரிக்கத் திறனாய்வாளர் ஹெரால்டு ரோசன்பெர்க் 1952இல் இத்தகைய ஓவியத்துக்குச் 'செயல் ஓவியம்' என்னும் பொருள்பட ஒரு பெயர் வைத்தார். துணி என்பது ஒரு பொருளைப் பார்த்து வரையும் இடமாக இல்லாமல், ஓவியன் இறங்கிச் செயற்படும் களமாகிவிட்டது என்பது அவர் விளக்கம்.

நம் பெண்மக்கள் வாசலில் கோலமிடும்போது அவர்கள் விரல் தரையைத் தொடுவதில்லை. இரு விரல்களுக்கிடையே மாவு ஒழுகுகிறது, குனிந்த உடல் நகர்கிறது, கோடு பிறக்கிறது. கோலம் தெளிப்பு ஓவியம் அன்று. அதன் ஒழுங்கு வேறு. ஆயினும், தொடாத கையிலிருந்து வீழ்வதை ஆளலாம் என்பதை நம் பிள்ளைகள் வாசலிலேயே கண்டிருக்கிறார்கள். 'அம்மா மாவை விடுவதுபோல் சாயத்தை விடு' என்றால் அவர்களுக்குப் புரிகிறது.

மேலும், துளி பொய் சொல்லாது. நேர் மேலிருந்து வீழ்ந்த துளி வட்டமாகும். சாய்வாகப் பாய்ந்த துளி நீண்டு, வால் முளைத்து நிற்கும்; அவ்வால் துளி சென்ற திசையைக் காட்டும். நீர்த்த சாயம் பரவி ஓடும். கெட்டிச் சாயம் திரண்டு நிற்கும். மணிக்கட்டை மட்டும் சொடுக்கினால் சிறு துளிகள் நெருங்கி வீழும். தோளிலிருந்து வீசினால் நெடிய கோடு தாளைக் கடந்து ஓடும். ஆகவே, தாள் காய்ந்த பின் மாணவன் தன் உடல் அசைந்த வகையைத் தானே படித்துப் பார்க்கலாம். 'இங்கே வேகமாக வீசினேன், இங்கே தயங்கினேன், இங்கே கை சோர்ந்துவிட்டது' என்று அவன் சொல்வான். தன்னைத் தான் படிக்கும் இவ்வாய்ப்பு இலையை வைத்துத் தூவும் பாடத்தில் அரிது.

கொட்டுதலும் வெளிப்படுத்துதலும்

இங்கே ஓர் எச்சரிக்கை வேண்டும். 'மனத்திலுள்ள சினத்தையும் துயரத்தையும் சாயமாக வாரி இறைத்துவிட்டால் பிள்ளை அமைதியடைவான். ஆகவே இது நல்லது' என்று சிலர் சொல்கின்றனர். கேட்க இனிதாக உள்ளது. ஆனால், சினத்தைக் கொட்டித் தீர்ப்பதால் அது தீர்ந்துவிடுவதில்லை. தம்மைச் சினமூட்டியவரை நினைத்துக்கொண்டு பயிற்சிப் பையைக் குத்தியவர்களின் சினம் தணியாமல் மிகுந்தது என்று 2002இல் வெளிவந்த அமெரிக்க உளவியல் ஆய்வு ஒன்று காட்டியது. நெருப்பை அணைக்கிறோம் என்று எண்ணிக் காற்று வீசுவது போன்றது அது.

அமெரிக்கக் கல்வியறிஞர் ஜான் டூயி 1934இல் வெளிவந்த தம் கலைநூலில், உள்ளிருப்பதை வெறுமனே வெளியேற்றுவது வெளிப்படுத்துதல் ஆகாது என்றார். ஆங்கில மெய்யியலார் காலிங்வுட் 1938இல் இக்கருத்தை மேலும் தெளிவுபடுத்தினார். அச்சத்தால் முகம் வெளிறுபவன் தன் அச்சத்தைக் காட்டிக்கொடுக்கிறான். அதனை வெளிப்படுத்துகிறான் அல்லன். தான் உணர்வது யாது என்று அறியாமல் தவிக்கும் ஒருவன், அதற்கு ஓர் உருவம் தேடி, அவ்வுருவத்தின் வாயிலாகத் தன் உணர்வைத் தானே தெளிந்துகொள்வதுதான் வெளிப்படுத்துதல் என்பது அவர் கொள்கை.

இவ்வேறுபாட்டைத் தெளிப்பு ஓவியத்தில் கண்ணாலேயே காணலாம். வாளியைக் கவிழ்த்துவிட்டு ஓடுகிறவன் கொட்டுகிறான். வீசிவிட்டு நின்று பார்த்து, 'இன்னும் சிறிது கறுப்பு வேண்டும். இந்த மூலையை வெறுமையாக விட வேண்டும்' என்பவன் வெளிப்படுத்துகிறான். வீச்சு இருவர்க்கும் ஒன்றே. பார்வைதான் வேறு. ஆகவே, தெளிப்பு ஓவியப் பாடத்தில் கற்பிக்க வேண்டியது வீசுதலை மட்டுமன்று. வீசிவிட்டு நிற்றலையும், நின்று பார்த்தலையும் சேர்த்தே கற்பிக்க வேண்டும்.

முன்னேற்பாடும் பின்னேற்பும்

இதுகாறும் கண்டவற்றைத் தொகுத்தால் ஒரு விடை கிடைக்கிறது. கையை விட்டு நீங்கிய துளியின் பாதை நம் ஆட்சிக்கு உட்பட்டதன்று. ஆனால், அதற்கு முன் ஒரு காலமும் பின் ஒரு காலமும் உண்டு, அவ்விரண்டும் நம்முடையவை. வீசுமுன் செய்யும் முன்னேற்பாடு ஒன்று. வீழ்ந்த பின் அதனை நோக்கி, நல்லதாயின் நிறுத்தியும் தீயதாயின் திருத்தியும், 'இது என்னுடையது' என்று ஏற்கும் பின்னேற்பு மற்றொன்று. இடையிலுள்ள கணத்தைத் தற்செயலுக்கு விட்டுவிடலாம். அவ்விரண்டையும் செய்தவனுக்கே செயல் உரியது. பழியும் அவனுக்குரியது, புகழும் அவனுக்குரியது.

இவ்வளவுகோலைக்கொண்டு என் பழைய வகுப்பறையை அளந்து பார்க்கிறேன். முன்னேற்பாடு யாருடைய கடமை? முப்பது பிள்ளைகளை நெருங்கிய மேசைகளில் அமர்த்தி, சீருடைமேல் பழைய சட்டை அணியச் சொல்லாமல், தரையில் நாளிதழ் விரிக்காமல், திறந்த கிண்ணங்களில் சாயத்தை வைத்தவன் நான். அம்மாணவியின் சட்டையில் பட்ட துளிகளில் என் பங்கும் உண்டு. பின்னேற்பாவது நிகழ்ந்ததா? அவனை வெளியில் நிறுத்தியதால், சட்டைக் கறையைக் கழுவ முயன்று மன்னிப்புக் கேட்கும் வாய்ப்பை அவனிடமிருந்து பறித்தேன். தாளைக் கசக்கியதால், தன் படத்தைப் பார்த்து, 'இது நிற்கட்டும்' என்று சொல்லும் வாய்ப்பையும் பறித்தேன். பொறுப்பைப் பற்றிப் பெரிதாகப் பேசிய நான், பொறுப்பேற்கக் கற்கும் இரு வழிகளையும் அவனுக்கு அடைத்துவிட்டேன்.

இப்போது எம் பள்ளியில் இப்பாடம் திடலின் ஓரத்தில், மரநிழலில் நடைபெறுகிறது. தரையில் நாளிதழ் விரிக்கப்படும். ஒவ்வொருவர்க்கும் இடையே இரு கை வீச்சளவு இடைவெளி இருக்கும். அப்பனோ அண்ணனோ அணிந்து விட்ட சட்டை, சீருடைக்கு மேல் இருக்கும். சாயத்தை அளந்தே கொடுக்கிறோம். பால்மரம் சீவியும் தொழிற்சாலையில் இரவுவேலை பார்த்தும் பெற்றோர் வாங்கித் தரும் சாயம் அது. வீசும் நேரத்தில் ஆசிரியர் குறுக்கிடுவதில்லை. வீசி முடிந்த பின் மாணவன் மூன்று வினாக்களுக்கு விடை சொல்ல வேண்டும். இதில் எந்த இடம் நிற்க வேண்டும்? எந்த இடத்தை மாற்ற விரும்புகிறாய்? எல்லை தாண்டித் தெறித்ததை எப்படித் துப்புரவு செய்வாய்? மதிப்பெண் அவ்விடைகளுக்கும் உண்டு. 'இது என்ன படம்?' என்று மட்டும் எவரும் கேட்பதில்லை. விடை தெரியாத பிள்ளையும் இருக்கிறான். 'இன்னும் பாத்துக்கிட்டு இருக்கேன் சார்' என்பான். அதுவும் நல்ல விடையே.

ஆனால், இக்கலையைக் கற்றவன் வாழ்விலும் பொறுப்புடையவனாகிவிடுவான் என்று நான் சொல்ல மாட்டேன். பொல்லாக்கின் முடிவே அதற்கு மறுப்பு. 1956 ஆகஸ்டு 11ஆம் நாள் இரவு, அவர் குடித்துவிட்டுக் கார் ஓட்டினார். தம் வீட்டுக்கு அருகிலேயே கார் சாலையை விட்டு விலகிக் கவிழ்ந்தது. அவரும் இறந்தார், உடன்வந்த இளம்பெண் ஒருவரும் இறந்தார். இன்னொரு பெண் காயத்தோடு பிழைத்தார். குடிவெறியில் குற்றம் செய்தவனுக்கு இரட்டைத் தண்டனை விதித்த பழஞ்சட்டம் ஒன்றை அரிஸ்டாட்டில் குறிப்பிடுகிறார். குடியாதிருப்பது அவன் ஆற்றலுக்குள் இருந்தது என்பதே அதற்குக் காரணம். சாயத்துளிக்கு அத்துணைக் கவனத்தோடு விடை சொன்ன கை, அன்றிரவு ஓர் உயிருக்கு விடை சொல்லத் தவறியது. கொட்டகையில் கற்ற பாடம் சாலைக்குத் தானாக வந்து சேர்வதில்லை. ஒவ்வோர் இடத்திலும் அதனைப் புதிதாகக் கற்க வேண்டியிருக்கிறது. அதனால்தான் பள்ளியில் நாம் அதனை ஒருமுறையன்று, பலமுறை பயிற்றுகிறோம்.

ஆசிரியர்களாகிய நமக்கும் ஒரு சொல். நாளெல்லாம் நாம் வகுப்பறையில் வீசுவது சாயமன்று, சொல். எந்தச் சொல் எந்தப் பிள்ளையின் மேல் எங்ஙனம் தெறிக்கும் என்பதை நாம் அறியோம். சட்டையில் பட்ட சாயம் சில சலவையில் மங்கும். 'குப்பை' என்று நான் அன்று வீசிய சொல் எத்தனை ஆண்டில் மங்கியதோ! கூடையிலிருந்து தாளை எடுத்துச் சுருக்கம் நீக்கிக் கொடுத்திருக்கலாம், செய்யவில்லை. 'நான் சொன்னது தவறு' என்று மறுநாளே கூறியிருக்கலாம். இளமையின் செருக்குத் தடுத்தது. ஆண்டிறுதியில் மனம் துணிந்தபோது, அவன் குடும்பம் தோட்டத்தை விட்டு நகரத்துக்குச் சென்றுவிட்டது.

அச்சொல் அதுவாகத் தெறித்ததன்று, நான் வீசியது. அதற்கு விடை சொல்ல வேண்டியவனும் நானே. அம்மாணவன் இன்று நாற்பதைக் கடந்திருப்பான். அவன் பிள்ளைகள் ஏதேனும் ஒரு தமிழ்ப்பள்ளியில் படிக்கக்கூடும். அப்பிள்ளைகளுள் ஒருவர் சாயம் தெறித்த தாளொன்றைத் தம் ஆசிரியரிடம் நீட்டி, 'நான் போட்ட படம்' என்று சொல்லும் நாளில், அவ்வாசிரியர் கையை நீட்டி அதனை வாங்கிப் பார்ப்பாராக.